குன்றல் பகுப்பில் குன்றுவது எது? முதற் பகுப்பிலா, இரண்டாம் பகுப்பிலா?

வெண்ணாறு எழுதியது:

மன்னார்குடிப் பக்கம் ஒரு மேல்நிலைப் பள்ளியில் தாவரவியல் கற்பிக்கிறேன். விடைத்தாள் திருத்தும்போது எங்களுக்குள் எழுந்த கருத்து வேறுபாடு ஒன்றை இங்கே வைக்கிறேன். பதினோராம் வகுப்புக்கு நாங்கள் கேட்டிருந்த வினா இது (இதில் குன்றல் பகுப்பு என்பது, இனச்செல்கள் உருவாகும் வழியில் அடுத்தடுத்து நடக்கும் இரண்டு செல் பகுப்புகளையும் சேர்த்துக் குறிக்கிறது): "நெல்லின் மகரந்தத் தாய்செல்லில் 24 குரோமோசோம்கள் உள்ளன. குன்றல் பகுப்பின் எந்தக் கட்டத்தில் இந்த எண்ணிக்கை குன்றுகிறது? காரணம் கூறுக." பெரும்பாலான மாணவர்கள் முதற் பகுப்பின் அனாஃபேஸ் (குரோமோசோம்கள் செல்லின் இரு முனைகளுக்கும் பிரிந்து போகும் கட்டம்) என்று எழுதிவிட்டுப் போய்விட்டார்கள், காரணம் எழுதியவர்கள் சிலர்தான்.

ஒரு மாணவி மட்டும் இரண்டாம் பகுப்பின் அனாஃபேஸ் என்று எழுதி, அதற்கு அரைப் பக்கம் காரணமும் தந்திருந்தாள். தாய்செல் பகுப்புக்குள் நுழையும் முன்பே அதன் டி.என்.ஏ. இரட்டித்துவிடுகிறது, முதற் பகுப்பு முடிந்ததும் ஒவ்வொரு சேய்செல்லிலும் எஞ்சுவது, ஒரு சாதாரண வேர்நுனிச் செல்லில் இரட்டிப்புக்கு முன் இருக்கும் அதே அளவு டி.என்.ஏ.தான், உடற்செல்லின் அளவுக்குக் கீழே அது இறங்குவது இரண்டாம் பகுப்பில் மட்டுமே, எனவே உண்மையான குன்றல் அங்கேதான் நடக்கிறது என்பது அவள் வாதம். கணக்கில் பிழை இல்லை. உடன் திருத்திய ஆசிரியர் ஒருவர் அந்த விடைக்கு மதிப்பெண் ஏதும் தரக்கூடாது என்றார். எனக்கு மனம் ஒப்பவில்லை.

இன்னொரு சிக்கலும் உண்டு. சில நூல்களில் "குன்றல் பகுப்பு" என்பது இரண்டு பகுப்புகளும் சேர்ந்த மியாசிஸ் முழுவதற்கும் பெயராக வருகிறது. வேறு சிலவற்றில், சில நேரம் அதே நூலின் அடுத்த பத்தியிலேயே, முதற் பகுப்பை மட்டும் குறிக்கிறது. இந்தச் சொல்லை நாம் எந்தப் பொருளில் ஆள வேண்டும், எதை எண்ணி "குன்றியது" என்று சொல்ல வேண்டும் என்பதைப் பெரியவர்கள் தெளிவுபடுத்த வேண்டுகிறேன்.

வெட்டாறு எழுதியது:

வணக்கம் அம்மா. நான் நுழைவுத் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருக்கும் மாணவன். எங்களுக்குச் சொல்லித்தந்த விதி ஒன்றே ஒன்றுதான்: சென்ட்ரோமியர் எத்தனையோ, குரோமோசோமும் அத்தனை. சீப்பில் ஒரே காம்பில் ஒட்டியிருக்கும் இரட்டைப் பழத்தை ஒன்றாக எண்ணுவதுபோல, ஒரே சென்ட்ரோமியரில், அதாவது இணைப்புப் புள்ளியில், சேர்ந்திருக்கும் இரண்டு குரோமாட்டிட்களை (இரட்டித்த குரோமோசோமின் இரு நகல்களை) ஒரு குரோமோசோம் என்றே எண்ண வேண்டும். பிரிந்த நொடியில் இரண்டு.

இந்த விதிப்படி நெல்லின் வேர்நுனியில் மைட்டாசிஸ் (சாதாரண உடற்செல் பகுப்பு) நடக்கும்போது, குரோமோசோம்கள் நடுவில் வரிசையாக நிற்கும் மெட்டாஃபேஸில் 24, அனாஃபேஸில் செல் முழுவதும் சேர்த்து 48, முடிவில் சேய்செல்லுக்கு 24. மகரந்தத் தாய்செல்லின் முதல் அனாஃபேஸில் சென்ட்ரோமியர்கள் பிளவுபடுவதில்லை. எனவே செல் முழுவதும் 24, துருவத்துக்கு (செல்லின் ஒரு முனைக்கு) 12. அந்த மாணவியின் விடை எங்கள் தேர்வில் தவறாகவே கொள்ளப்படும்.

அரசலாறு எழுதியது:

கல்லூரியில் செல்லியல் கற்பித்து ஓய்வுபெற்றுக் கும்பகோணத்தில் இருக்கிறேன். தம்பி சொன்ன விதி சரியானது. ஆனால் அது எண்ணும் முறையைச் சொல்கிறதே தவிர, ஏன் அப்படி எண்ண வேண்டும் என்பதைச் சொல்லவில்லை. அந்த மாணவி கேட்டிருப்பது அந்த "ஏன்" என்பதைத்தான். அவளுக்கு விதியை மட்டும் காட்டி அனுப்புவது நியாயமாகாது.

முதலில் சொல்லின் வரலாற்றைச் சுருக்கமாகப் பார்ப்போம். 1883-இல் வான் பெனடன் குதிரையின் குடற்புழுவில், முட்டையும் விந்தும் உடற்செல்லின் எண்ணிக்கையில் பாதிப்பாதியாகக் குரோமோசோம்களைக் கொண்டுவந்து சேர்ப்பதைக் கண்டார். தலைமுறைதோறும் எண்ணிக்கை இரட்டிக்காமல் இருக்க வேண்டுமானால், இனச்செல் உருவாகும் வழியில் எங்கேனும் ஒரு பகுப்பு குறைக்கும் பகுப்பாக இருந்தே ஆக வேண்டும் என்று 1887-இல் வைஸ்மான் கருத்தளவில் வாதிட்டார். அவர் பேசியது ஒரு பகுப்பைப் பற்றி. அதே ஆண்டில் ஃபிளெமிங், அடுத்தடுத்து வரும் இரண்டு பகுப்புகளும் தோற்றத்தில் வேறுபட்டவை என்பதை விவரித்து இரண்டுக்கும் தனித்தனிப் பெயர் வைத்தார். 1905-இல்தான் ஃபார்மரும் மூரும் அவ்விரண்டையும் சேர்த்து, "குறைதல்" என்ற பொருளுடைய கிரேக்கச் சொல்லிலிருந்து மியாசிஸ் என்ற ஒரே பெயரை அமைத்தார்கள்.

ஆக, குறைக்கும் பகுப்பு என்பது ஒரு பகுப்பின் பெயர். மியாசிஸ் என்பது இரண்டு பகுப்புகள் சேர்ந்த நிகழ்வின் பெயர். தமிழில் நாம் "குன்றல் பகுப்பு" என்ற ஒரே பெயரை இரண்டின் மேலும் ஏற்றிவிட்டோம். இலங்கையில் வழங்கும் "ஒடுக்கற்பிரிவு" என்ற சொல்லுக்கும் இதே நிலைதான். அம்மா குறிப்பிட்ட குழப்பத்தின் வேர் இது. என் பழக்கம், முழு நிகழ்வையும் மியாசிஸ் என்றும், குன்றல் பகுப்பு என்பதை அதனுள் ஒரு பகுப்புக்கும் ஆள்வது. மற்றதற்குச் சமப் பகுப்பு என்ற பெயர் ஏற்கெனவே வழக்கில் இருக்கிறது.

இனி எண்ணிக்கைக்கு வருவோம். ஒரு செல்லில் நாம் எண்ணக்கூடியவை மூன்று: குரோமோசோம்கள், குரோமாட்டிட்கள், டி.என்.ஏ.யின் அளவு. டி.என்.ஏ. அளவைக் குறிக்க 1950-இல் ஸ்விஃப்ட் "சி" என்ற எழுத்தைப் பயன்படுத்தினார். நெல்லின் ஒரு "சி" என்பது ஏறத்தாழ 39 கோடிக் கார இணைகள். பகுப்புக்குத் தயாரான தாய்செல்லில் 24 குரோமோசோம்கள், 48 குரோமாட்டிட்கள், நான்கு "சி". முதற் பகுப்பு முடிந்ததும் ஒவ்வொரு செல்லிலும் 12, 24, இரண்டு "சி". இரண்டாம் பகுப்பு முடிந்ததும் 12, 12, ஒரு "சி". டி.என்.ஏ.யும் குரோமாட்டிட்டும் இரண்டு முறை பாதியாகின்றன. குரோமோசோம் எண்ணிக்கை ஒருமுறைதான் பாதியாகிறது.

டி.என்.ஏ. பாதியாவதையே குன்றல் என்று கொண்டால் மைட்டாசிஸையும் அப்படி அழைக்க நேரும், ஏனெனில் அங்கும் நான்கு "சி" இரண்டாகிறது. எந்தப் பகுப்பிலும் நடப்பது எதையும் தனித்துக் காட்டாது. இரண்டாம் பகுப்பில் ஒரு செல்லுக்குள் எண்ணிக்கை 12, 24, 12 என்று ஏறி இறங்குவது, வேர்நுனியில் 24, 48, 24 என்று ஏறி இறங்கும் அதே நடை. முதற் பகுப்பில் மட்டும் அந்த ஏற்றம் இல்லை. மாணவியிடம் இதைச் சொல்லுங்கள், அவளே ஒப்புக்கொள்வாள். மதிப்பெண்ணைப் பொறுத்தவரை, காரணத்துக்கு உரிய பங்கைத் தரலாம் என்பது என் கருத்து.

குடமுருட்டி எழுதியது:

ஐயா அவர்களுக்கு வணக்கம். நான் வேளாண் துறையில் பணியாற்றி ஓய்வுபெற்றவன். இப்போது திருவையாற்றுக்கு அருகில் வாழையும் நெல்லும் பயிரிடுகிறேன். நீங்கள் பேசும் இந்தப் பகுப்பு எங்களுக்குப் புத்தகச் செய்தி மட்டும் அன்று. நெல் பொதி கட்டியிருக்கும் (கதிர் இலையுறைக்குள் திரண்டிருக்கும்) நாள்களில், கடைசி இலையான கண்ணாடி இலை வெளிவந்துகொண்டிருக்கும் அந்தச் சில நாள்களில் வயல் காய்ந்துவிட்டால், பின்னர் எவ்வளவு தண்ணீர் விட்டாலும் கதிரில் பதர் மிகுந்துவிடும். மகரந்தத் தாய்செல்கள் பகுப்படைந்து இளம் மகரந்தமாகும் காலம் அதுதான் என்பதைப் பயிற்சி முகாம்களில் உழவர்களுக்குச் சொல்லியிருக்கிறேன். முறைப்பாசனத்தில் அந்த வாரத்துக்குத் தண்ணீர் வராமல் போனால் என்ன ஆகும் என்பதை விளக்க இதைவிடத் தெளிவான காரணம் இல்லை.

என் ஐயம் வாழையைப் பற்றியது. பூவன் வாழைக்குக் குரோமோசோம்கள் 33 என்று படித்திருக்கிறேன். அதில் பாதி பதினாறரை. அங்கே எது, எப்படிக் குன்றுகிறது?

கோரையாறு எழுதியது:

தாவர மரபியலில் முனைவர் பட்ட ஆய்வு செய்கிறேன், ஊர் திருத்துறைப்பூண்டி. வாழையைப் பற்றிப் பிறகு சொல்கிறேன். அதற்கு முன், பேராசிரியர் ஐயா சொன்னதில் ஒரு பகுதியை மறுக்க விரும்புகிறேன்.

"முதற் பகுப்பு குன்றல், இரண்டாம் பகுப்பு சமம்" என்பது சென்ட்ரோமியருக்கு மட்டுமே முழுமையாகப் பொருந்தும். முதற் பகுப்பின் தொடக்கத்தில் வரும் பாக்கிட்டீன் கட்டத்தில், ஒத்த குரோமோசோம்கள் (தாய்வழி ஒன்றும் தந்தைவழி ஒன்றுமாக இணையும் குரோமோசோம்கள்) துண்டுகளை மாற்றிக்கொள்ளும் குறுக்கேற்றம் நடந்துவிட்ட பிறகு, ஒரு குரோமோசோமின் இரண்டு குரோமாட்டிட்களும் நெடுகிலும் ஒன்றுபோல இருப்பதில்லை. சென்ட்ரோமியருக்கும் ஒரு ஜீனுக்கும் இடையே குறுக்கேற்றம் ஒன்று நிகழ்ந்திருந்தால், அந்த ஜீனின் இரண்டு அல்லீல்களும் (மாற்று வடிவங்களும்) முதற் பகுப்பில் ஒரே துருவத்துக்கு இணைந்தே போய், இரண்டாம் பகுப்பில்தான் பிரிகின்றன. அந்த ஜீனைப் பொறுத்தவரை குன்றல் நடப்பது இரண்டாம் பகுப்பில்.

நியூரோஸ்போரா என்ற பூஞ்சையில் இதைக் கண்ணாலேயே காணலாம். அதன் பையில் எட்டு வித்துகளும் பகுப்பு நடந்த வரிசை மாறாமல் அடுக்கப்பட்டிருக்கும். முதற் பகுப்பிலேயே அல்லீல்கள் பிரிந்திருந்தால் நான்கு ஒரு வகை, அடுத்த நான்கு மறுவகை என்று நிற்கும். இரண்டாம் பகுப்பில் பிரிந்திருந்தால் இரண்டிரண்டாக மாறி மாறியோ, நடுவில் நான்கும் இரு முனைகளில் இரண்டிரண்டுமாகவோ நிற்கும். இந்த இரண்டாவது வகைப் பைகளின் விழுக்காட்டைப் பாதியாக்கினால், ஜீன் சென்ட்ரோமியரிலிருந்து எவ்வளவு தொலைவில் இருக்கிறது என்பது வரைபட அலகில் கிடைத்துவிடும்.

அந்த மாணவி டி.என்.ஏ. அளவை வைத்துச் சொன்ன காரணம் வேறாக இருந்தாலும், குன்றல் இரண்டாம் பகுப்பில் நடக்கிறது என்ற அவள் முடிவில் ஓர் உண்மை இருக்கிறது. சுழி மதிப்பெண் போடுவதை நான் ஏற்கமாட்டேன்.

இன்னொன்று. சென்ட்ரோமியரை எண்ணுங்கள் என்ற விதியே செல்லாத தாவரக் குடும்பம் ஒன்று நம் வயல்களில் நிறைந்திருக்கிறது. நெல்வயலில் களையாக நிற்கும் கோரை. அந்தக் குடும்பத்தின் குரோமோசோம்களில், ஒடுங்கிய ஓரிடத்தில் சென்ட்ரோமியர் அமைந்திருப்பதில்லை. குரோமோசோம்களை இழுத்துச் செல்லும் கதிர்கோல் இழைகள் குரோமோசோமின் நீளம் முழுவதும் பற்றிக்கொள்கின்றன. அக்குடும்பத்தின் ரிங்கோஸ்போரா பேரினத்தில் சில சிற்றினங்களையும், அதற்கு நெருங்கிய குடும்பத்தைச் சேர்ந்த லுசூலாவையும் ஆராய்ந்து 2014-இல் வெளிவந்த முடிவுகளின்படி, அங்கே வரிசையே தலைகீழாகிறது: முதற் பகுப்பில் சகோதரிக் குரோமாட்டிட்கள் பிரிகின்றன, ஒத்த குரோமோசோம்களுக்கு உரியவை இரண்டாம் பகுப்பில்தான் பிரிகின்றன. "முதற் பகுப்பே குன்றல் பகுப்பு" என்று வரையறுத்தால் இவற்றை எங்கே வைப்பது?

அரசலாறு எழுதியது:

கோரையாறு என்ற பெயரில் எழுதுபவர் கோரையைக் கொண்டுவந்தது பொருத்தம்தான். அவர் எழுப்பிய இரண்டு மறுப்புகளும் ஒரே தரத்தவை அல்ல. எனவே தனித்தனியாகவே விடை சொல்கிறேன்.

குறுக்கேற்றம் பற்றிய மறுப்பை நான் ஏற்கவில்லை. அவர் சொன்ன உயிரியல் முழுக்க உண்மை. அதை வகுப்பில் பல ஆண்டுகள் நானே வரைந்து காட்டியிருக்கிறேன். ஆனால் அல்லீல்கள் பிரிவதற்கு நம்மிடம் வேறு சொல் இருக்கிறது: முதற் பகுப்புப் பிரிகை, இரண்டாம் பகுப்புப் பிரிகை. ஒரு ஜீனைப் பற்றிப் பேசும்போது அச்சொற்களை ஆளலாம். குன்றல், சமம் என்ற சொற்கள் குரோமோசோம்களின் எண்ணிக்கையைக் குறிப்பதற்காகப் பிறந்தவை. குறுக்கேற்றம் எத்தனை இடங்களில் நடந்தாலும் நெல்லின் முதற் பகுப்பில் 12 சென்ட்ரோமியர்கள் ஒரு பக்கமும் 12 மறுபக்கமும்தான் போகின்றன. ஒவ்வொரு ஜீனுக்கும் ஒரு குன்றல் என்று பிரித்துப் பேசத் தொடங்கினால், ஒரே செல்லின் ஒரே பகுப்பை ஒரே மூச்சில் குன்றல் என்றும் சமம் என்றும் அழைக்க வேண்டியிருக்கும். பதினோராம் வகுப்பில் அது யாருக்கும் உதவாது.

கோரை பற்றிய மறுப்பு வேறு. அது வரையறையையே தொடுகிறது. பாடநூல்களில் "முதற் பகுப்பு" என்ற வரிசைச் சொல் வரையறைக்குள் நுழைந்துவிட்டது. ஆனால் குன்றலை உண்டாக்குவது வரிசை அன்று. ஒத்த குரோமோசோம்கள் ஒன்றைவிட்டு ஒன்று பிரிந்து செல்வது. மிகப் பெரும்பாலான உயிரிகளில் அது முதலில் நடக்கிறது. நீங்கள் சொன்ன சில இனங்களில் பின்னால் நடக்கிறது. ஆகவே "ஒத்த குரோமோசோம்கள் பிரியும் பகுப்பே குன்றல் பகுப்பு, சகோதரிக் குரோமாட்டிட்கள் பிரியும் பகுப்பு சமப் பகுப்பு" என்று வரையறுத்துவிட்டு, "பொதுவாக முன்னது முதலில் நிகழும்" என்று ஒரு வரி சேர்த்தால், நெல்லும் கோரையும் ஒரே வரையறைக்குள் அடங்கிவிடும்.

கோரையைப் பற்றி இன்னொரு செய்தி, பக்கவாட்டில். அக்குடும்பத்தில் ஒரு மகரந்தத் தாய்செல்லிலிருந்து நான்கு மகரந்தத்துகள்கள் வருவதில்லை. பகுப்பில் நான்கு உட்கருக்கள் உருவாகின்றன. அவற்றுள் மூன்று நலிந்துவிட, ஒன்றே மகரந்தத்துகளாகிறது. "ஒரு தாய்செல், நான்கு மகரந்தத்துகள்" என்று நாம் பாடமாக ஒப்பிப்பது வயலின் வரப்புக்கு வெளியே அவ்வளவு உறுதியாக நிற்பதில்லை.

வெட்டாறு எழுதியது:

ஐயா, ஒரு சிறு ஐயம். முதற் பகுப்பு முடிந்து நிற்கும் செல்லை "ஒருமயம்" (ஒரே குரோமோசோம் தொகுதி உடையது) என்று அழைக்கலாமா? அதில் 12 குரோமோசோம்கள்தாம் இருக்கின்றன, ஆனால் டி.என்.ஏ. இரண்டு "சி" இருக்கிறதே. எங்கள் வினாவங்கியில் ஓரிடத்தில் ஒருமயம் என்றும் வேறோர் இடத்தில் இருமயம் என்றும் விடை கொடுத்திருக்கிறார்கள்.

அரசலாறு எழுதியது:

ஒருமயமே, தம்பி. மயம் என்பது குரோமோசோம் தொகுதியை எண்ணுவது, டி.என்.ஏ.யை எண்ணுவது "சி". அந்தச் செல் ஒருமயம். ஆனால் அதன் ஒவ்வொரு குரோமோசோமும் இரட்டைக் குரோமாட்டிட் உடையது. இரண்டையும் சேர்த்து எழுதிவிட்டால் வினாவங்கியுடன் சண்டையிட வேண்டியதில்லை.

வெண்ணாறு எழுதியது:

மிகவும் நன்றி ஐயா. இந்த இடைநிலைச் செல்லைப் பற்றி நான் ஆய்வகத்தில் பார்த்ததை இங்கே சொல்வது பயன்படும் என்று எண்ணுகிறேன். நெல் போன்ற ஒருவித்திலைத் தாவரங்களில் முதற் பகுப்பு முடிந்தவுடனேயே நடுவில் சுவர் எழுந்துவிடுகிறது. எனவே நுண்ணோக்கியில் இரட்டைச் செல் நிலையைத் தனியாகக் காண முடிகிறது: ஒரு வட்டத்தைக் குறுக்கே வெட்டியதுபோல இரண்டு அரைவட்டங்கள், ஒவ்வொன்றிலும் ஓர் உட்கரு. பிறகு ஒவ்வோர் அரையும் மறுபடி பிரிந்து நான்கு செல்கள் ஒரே தளத்தில் அமைகின்றன. பருத்தியிலோ உளுந்திலோ இந்த அரைவட்ட நிலையைத் தேடினால் கிடைக்காது. இருவித்திலைத் தாவரங்களில் பெரும்பாலானவற்றில் இரண்டு பகுப்புகளும் முடிந்த பிறகே சுவர்கள் எழுகின்றன.

குன்றலைக் கற்பிக்க நெல் ஏற்றது என்று நான் கருதுவதற்கு இதுவே காரணம். "முதற் பகுப்பின் முடிவில்" என்று நாம் எழுதும் நிலை, அங்கே ஒரு செல்லாகவே கண்முன் நிற்கிறது.

நெல்லின் குரோமோசோம்கள் மிகச் சிறியவை என்பதால், எண்ணுவதற்கு வெங்காயப் பூமொட்டே எளிது. அதற்கு உடற்செல்லில் 16, மகரந்தத்தில் 8. நெல்லில் சரியான பூவைத் தேர்ந்தெடுப்பதுதான் கடினம். கண்ணாடி இலையின் செவியும் (இலை உறையோடு சேரும் இடத்திலுள்ள சிறு மடலும்) அதற்கு அடுத்த கீழ் இலையின் செவியும் ஏறத்தாழ ஒரே மட்டத்துக்கு வரும் தூரில்தான் கதிரைப் பிரிக்க வேண்டும். கதிர் வெளிவருவதற்குச் சுமார் பத்து நாள்களுக்கு முந்தைய நிலை அது. கதிரின் நுனிப்பூக்கள் முந்திவிடுவதால், ஒரே கதிரில் மேலே நான்கு செல் நிலையும் கீழே இன்னும் பாக்கிட்டீனும் கிடைப்பதுண்டு. மூன்று பங்கு ஆல்கஹாலும் ஒரு பங்கு அசிட்டிக் அமிலமும் கலந்த கரைசலில் ஒருநாள் வைத்துவிட்டு, ஒரு பூவின் ஆறு மகரந்தப்பைகளில் ஒன்றை மட்டும் முதலில் அசிட்டோகார்மைன் சாயத் துளியில் நசுக்கிப் பார்த்தால், மற்ற ஐந்தையும் வீணாக்காமல் இருக்கலாம்.

கோரையாறு எழுதியது:

ஐயாவின் வரையறையை ஏற்கிறேன். கோரைக்கு இடம் கிடைத்துவிட்டது. குறுக்கேற்றம் குறித்து என் கருத்து மாறவில்லை, ஆனால் அதற்குத் தனிச்சொல் போதும் என்பதில் மறுப்பில்லை.

அம்மாவின் வகுப்புக்கு இன்னொன்றும் சொல்கிறேன். இரண்டு நெல் வகைகளைக் கலந்து குன்றலின் விளைவை அயோடின் துளியிலேயே காட்டலாம். பசையரிசி வகையில், மாவுப்பொருளின் அமைப்பை மாற்றும் ஒரு ஜீன் ஆறாவது குரோமோசோமில் இருக்கிறது. சாதாரண நெல்லின் மகரந்தம் அயோடினில் கருநீலமாகும். பசையரிசியின் மகரந்தம் செம்பழுப்பாகும். இரண்டையும் கலந்த முதல் தலைமுறைச் செடியின் மகரந்தத்தை நசுக்கினால், பாதி கருநீலம், பாதி செம்பழுப்பு. செடியில் இரண்டு அல்லீல்களும் உள்ளன. மகரந்தத்துகளில் ஒன்றே எஞ்சுகிறது. அந்த ஜீன் முதற் பகுப்பில் பிரிந்ததா, இரண்டாவதில் பிரிந்ததா என்பதை இது காட்டாது. நான்கு துகள்களும் சிதறிவிடுவதால் நியூரோஸ்போராவில் கிடைக்கும் வரிசை இங்கே இல்லை.

இனி குடமுருட்டி ஐயாவின் வாழை. இங்கே இரண்டு எழுத்துகளைப் பிரித்துப் பார்க்க வேண்டும். உடற்செல்லின் எண்ணிக்கையை "இரண்டு என்" என்று எழுதுகிறோம். அடிப்படைத் தொகுதியின் எண்ணிக்கையை "எக்ஸ்" என்று எழுதுகிறோம். நெல்லில் இரண்டும் ஒன்றே: "என்" 12, "எக்ஸ்" 12. பூவன் வாழையில் அடிப்படை எண் 11. அப்படி மூன்று தொகுதிகள் சேர்ந்து 33. இது மும்மயம். இணைசேரும் கட்டத்தில் ஒவ்வொரு குரோமோசோமுக்கும் இரண்டு துணைகள் போட்டியிடுகின்றன. சில மூன்றாகச் சேர்கின்றன, சில இரண்டாகச் சேர்ந்து ஒன்று தனித்துவிடுகிறது. தனித்ததற்கு எந்தத் துருவம் என்று விதியில்லை. ஆகவே இனச்செல்களில் பெரும்பாலானவற்றுக்கு முழுமையான தொகுதி அமைவதில்லை. அவை பயனற்றுப் போகின்றன. பதினாறரை என்பது தாளில் மட்டும் வரும் எண். செல்லில் பதினைந்தோ பதினேழோ பதினெட்டோ எதுவும் வரலாம். குன்றல் தொடங்குகிறது, ஆனால் ஒழுங்காக முடிவதில்லை. பூவன் விதையின்றி இருப்பதற்கு இது ஒரு காரணம். கருவுறாமலே காய் திரளும் இயல்பு இன்னொன்று. நாம் பக்கக்கன்றை நட்டு வாழை வளர்ப்பதால் இந்தக் குறை நமக்குத் தெரிவதே இல்லை. ஏலக்கி என்று சிலர் அழைக்கும் நெய்ப்பூவனோ 22 குரோமோசோம் கொண்ட இருமயம். ஆனால் அதன் இரண்டு தொகுதிகளும் இருவேறு காட்டினங்களிலிருந்து வந்தவை.

இதே காரணத்தால் "இரண்டு தொகுதி ஒரு தொகுதியாவதே குன்றல்" என்ற வரையறையையும் தவிர்க்கச் சொல்வேன். நம் மாவட்டங்களில் நெல் தரிசில் போடும் பருத்திக்கு 52 குரோமோசோம்கள், நான்கு தொகுதிகள். அதன் மகரந்தத்தில் 26, அதாவது இரண்டு தொகுதிகள். அதுவும் ஒழுங்கான குன்றல்தான். "பாதியாவது" என்று சொல்லுங்கள். "ஒன்றாவது" என்று சொல்லாதீர்கள்.

குடமுருட்டி எழுதியது:

வாழைக்குத் தெளிவான விடை கிடைத்தது தம்பி, நன்றி. பதினைந்தோ பதினேழோ என்பதைத் தாரின் முனையில் தொங்கும் ஆண்பூக்களில் பார்க்க முடியுமா என்று அடுத்த முறை திருச்சியிலுள்ள தேசிய வாழை ஆராய்ச்சி மையத்துக்குப் போகும்போது கேட்கலாம் என்றிருக்கிறேன். கரும்பிலும் இதுபோன்ற முரண் உண்டென்று பணிக்காலத்தில் கேள்விப்பட்டிருக்கிறேன். யாராவது விளக்குவீர்களா?

அரசலாறு எழுதியது:

கரும்பில் இருப்பது வாழையைவிட வியப்பானது. கோயம்புத்தூரில் 1912-இல் தொடங்கப்பட்ட கரும்பு இனப்பெருக்க நிலையத்தில், "வெள்ளை" என்ற நாட்டுக் கரும்பைத் தாயாகவும், நம் கொள்ளிடக் கரையிலும் வளர்கிற நாணலைத் தந்தையாகவும் கொண்டு கோ 205 என்ற கலப்பினத்தை உருவாக்கினார்கள். நாட்டுக் கரும்புக்கு 80 குரோமோசோம்கள். அவர்கள் எடுத்த கோயம்புத்தூர் நாணலுக்கு 64. இரண்டிலும் குன்றல் முறையாக நடந்திருந்தால் கன்றுக்கு 40-உம் 32-உம் சேர்ந்து 72 இருக்க வேண்டும். இருந்ததோ 112. அதாவது தந்தையிடமிருந்து பாதியான 32 வந்தது. தாயிடமிருந்து 80-உம் அப்படியே வந்துவிட்டது.

இந்த இரு இனங்களைக் கலக்கும்போது தாய்வழியில் இப்படி முழு எண்ணிக்கையும் கடந்துவருவது அடிக்கடி காணப்படும் நிகழ்வு. கரும்பின் குரோமோசோம்களைக் கோயம்புத்தூரில் ஆராய்ந்தவர்களுள் ஜானகி அம்மாளும் ஒருவர். அம்மா, உங்கள் மாணவிக்கு இதைக் கணக்காகக் கொடுத்துப் பாருங்கள். விடை 72 வராதது ஏன் என்று அவளே காரணம் தேடுவாள். அரைப் பக்கம் போதாது.

வெண்ணாறு எழுதியது:

கட்டாயம் கொடுக்கிறேன் ஐயா. உடன் திருத்திய ஆசிரியரிடமும் பேசினேன். மாணவியின் விடைக்குக் கட்டத்தைக் குறிப்பிட்டதற்கான ஒரு மதிப்பெண் கிடையாது, டி.என்.ஏ. கணக்கைச் சரியாக எழுதியதற்கு இரண்டில் ஒன்று தருவதாக இசைந்திருக்கிறார். ஒன்றரை கேட்டேன், நடக்கவில்லை.

அடுத்த தேர்வுக்கு வினாவை இவ்வாறு மாற்றியிருக்கிறேன். "நெல்லின் மகரந்தத் தாய்செல்லில் 24 குரோமோசோம்கள் உள்ளன. (அ) முதல் அனாஃபேஸில் குரோமோசோம்களும் குரோமாட்டிட்களும் எத்தனை? (ஆ) இரண்டாம் அனாஃபேஸில் குரோமோசோம்கள் எத்தனை? (இ) ஒத்த குரோமோசோம்கள் பிரியும் பகுப்பு எது? அதனைக் குன்றல் பகுப்பு என்று அழைப்பது ஏன்?" குறை இருந்தால் சொல்லுங்கள்.

அரசலாறு எழுதியது:

(இ) நன்று. (அ), (ஆ) இரண்டிலும் செல் முழுவதுமா, ஒரு துருவத்திலா என்று குறிப்பிடப்படவில்லை. (அ)-வுக்கு "ஒரு துருவத்தில்" என்றும், (ஆ)-வுக்கு "ஒரு செல்லில், இரு துருவங்களும் சேர்த்து" என்றும் சேர்த்துவிடுங்கள். முதலாவதற்கு 12-உம் 24-உம், இரண்டாவதற்கு 24. இல்லையென்றால் 12 என்று எழுதியவரும் 24 என்று எழுதியவரும் இருவருமே உங்களிடம் மதிப்பெண் கேட்டு வருவார்கள். இருவருக்கும் கொடுக்க வேண்டியிருக்கும்.